பீடபூமியின் இந்தப் பக்கம்

ரெசிஃபி,
1956 மார்ச் 4

அன்புள்ள அனேசியா அக்காவுக்கு,

நான் நலம். நீயும் அத்தானும் எப்படி இருக்கிறீர்கள்? ஊருக்கெல்லாம் மருந்து கொடுக்கும் ஒட்டாசிலியோ அத்தான் தன் முதுகுவலிக்கு மட்டும் எதுவும் போட்டுக்கொள்வதில்லை என்று எழுதியிருந்தாயே, இப்போது தேவலையா? இங்கே கடற்காற்று நின்றுவிட்டது. வியர்த்துக் கொட்டுகிறது.

ஒரு சேதி. உட்கார்ந்து படி. இத்தனை வருடமாக எங்கள் கல்லூரியில் வரலாறும் புவியியலும் ஒரே பாடம், ஒரே பேராசிரியர், ஒரே பட்டம். போன வருடம் வந்த சட்டத்தால் இரண்டையும் பிரிக்கலாம் என்று ஆகிவிட்டது. புவியியலுக்குத் தனிப் பேராசிரியர் பதவி வருகிறது. பொதுத் தேர்வு. எழுத்துத் தேர்வு, மாதிரிப் பாடம், எல்லோர் முன்னாலும் ஆய்வேட்டைக் காத்துப் பேசுவது. நான் விண்ணப்பம் கொடுத்துவிட்டேன்.

வேறு யாரும் கொடுக்கவில்லை. அதில் சந்தோஷப்பட எதுவும் இல்லை. நான் தேறாவிட்டால் பதவியே ரத்து, புவியியல் மறுபடி வரலாற்றுக்குள் போய்விடும் என்று டாக்டர் பெலார்மினோ நிபந்தனை போட்டிருக்கிறார். இரண்டு பாடத்துக்கும் இருபது வருடமாகப் பேராசிரியர் அவர்தான். அவருடைய உதவியாளராக வகுப்புகளை நடத்துவது நான். என்னைக் கூப்பிட்டார்.

"ஜுல்மிரா, நீ நல்லாப் பாடம் நடத்துற, மேப் அழகா வரையுற. அதுக்கு எதுக்கும்மா தனி நாற்காலி? புவியியல், வரலாறு வீட்டு வேலைக்காரி. வேலைக்காரிக்கு யாராவது தனி வீடு கட்டித் தருவாங்களா?"

"நீங்க கட்டித் தர வேண்டாம் டாக்டர். வாசக்கதவைத் திறந்து விட்டாப் போதும். நாங்களே கட்டிக்குவோம்."

சொல்லிவிட்டு நேராக வகுப்புக்குப் போய்விட்டேன்.

என் ஆய்வேடு, இந்தப் படிப்பு எப்படி ஒரு துறையாக ஆனது என்பதைப் பற்றியது. கடைசி அத்தியாயத்துக்கு மட்டும் நம் ஊர் வேண்டும். அராரிபி பீடபூமிக்கு அந்தப் பக்கம், அடுத்த மாநிலத்துச் சியாராக்காரர்களுக்கு ஊற்று ஊற்றாகத் தண்ணீர், கரும்புத் தோட்டம், வெல்ல ஆலை. அதே மலையின் இந்தப் பக்கம் நமக்குக் கள்ளிச் செடியும் தூசியும். ஏன்? அந்தப் பக்கத்துப் புனிதர் முழித்திருக்கிறார், நம் புனிதர் தூங்குகிறார் என்று அம்மா சொல்வாளே, அதற்கு மேல் யாராவது யோசித்தோமா? நீ உன் மாணவிகளோடு சேர்ந்து கிணறுகளைப் பார்த்து எழுதுவாயா? எங்கே தண்ணீர், எந்தக் கல்லுக்கு அடியில் என்று.

அத்தானுக்கு என் அன்பு.

உன் தங்கை,
ஜுல்மிரா

*

போசு ஃபுண்டு,
மார்ச் 27

அன்பு ஜுல்மிக்கு,

கடவுள் புண்ணியத்தில் நலம். உன் அத்தானின் முதுகு தபால் லாரி வரும் நாளில் மட்டும் சரியாகிவிடுகிறது. ரெசிஃபிச் சேதியெல்லாம் முதலில் தனக்குத் தெரிய வேண்டும். உன் கடிதத்தை அவர்தான் சத்தமாகப் படித்தார். "வாசக்கதவைத் திறந்து விட்டாப் போதும்" என்ற இடத்தில் மருந்துக் கடையில் இருந்த இரண்டு பேர் கை தட்டினார்கள். ஆக, ஊர் முழுக்கத் தெரியும்.

கேட்கிறாயே, பார்த்து எழுதுவாயா என்று! டாக்டர் பெலார்மினோ எழுதிய பாடநூலைத்தானே நான் இத்தனை காலமும் நடத்துகிறேன். முனைகளின் பெயர், வளைகுடாக்களின் பெயர், வலக்கரை உபநதி, இடக்கரை உபநதி. பிள்ளைகள் கண்ணை மூடிக்கொண்டு ஜெபமாலை மாதிரி உருட்டும். ஒரு பெண்ணுக்கும் அந்த நதி மேலேயிருந்து கீழே ஓடுமா கீழேயிருந்து மேலே ஓடுமா என்று தெரியாது. வரைபடத்தில் மேலே இருப்பது மலை என்று நினைத்துக்கொண்டிருந்தவர்கள் பாதிப் பேர்.

திங்கட்கிழமை வகுப்பில் உன் கேள்வியைப் பலகையில் எழுதினேன். "மலைக்கு அந்தப் பக்கம் ஏன் தண்ணீர்? இந்தப் பக்கம் ஏன் இல்லை?" எல்லோரும் பாடநூலைப் புரட்டித் தேடினார்கள். பிறகு எப்பொனினா (கழுதைகளில் வெல்லம் ஏற்றி வரும் கசிமிரோவின் மகள், வாயாடி) எழுந்தாள்.

"டீச்சர், இது பாடத்துல இருக்கா?"

"இல்ல."

"அப்போ இதுக்கு விடை யாருக்குத் தெரியும்?"

"எனக்குத் தெரியாது."

அந்த முகத்தை நீ பார்த்திருக்க வேண்டும். டீச்சருக்குத் தெரியாத ஒன்று உலகத்தில் உண்டு என்றதும் வகுப்பே விழித்துக்கொண்டது. செவ்வாய்க்கிழமை கிணறு பார்க்கப் புறப்பட்டுவிட்டோம். தாய்மார்களிடம் சொல்லிவிட்டுத்தான். மரவள்ளி மாவும் வறுத்த ஆட்டிறைச்சியும் கட்டிக் கொடுத்தார்கள்.

பீடபூமியின் அடிவாரத்தில் நம் பக்கத்தில் தோண்டின கிணறுகள் எல்லாம் வறண்டவை. மேலே ஏறினால் மணற்கல். மழை பெய்தால் அப்படியே உறிஞ்சிக்கொள்ளும், ஒரு ஓடைகூட இல்லை. அப்படியானால் அந்தத் தண்ணீர் எங்கே போகிறது என்று பிள்ளைகள் என்னை விடுவதாக இல்லை. அடுத்த மாதம் மலையைத் தாண்டி அந்தப் பக்கம் போகிறோம்.

ஒழுங்காகச் சாப்பிடு. நீ மெலிந்தால் உன் ஆய்வேட்டைத் தூக்க ஆள் வேண்டியிருக்கும்.

அக்கா,
அனேசியா

*

ரெசிஃபி,
ஏப்ரல் 15

அன்புள்ள அக்காவுக்கு,

நலம். இங்கே மழை இறங்கிவிட்டது. உங்களுக்கும் கொஞ்சம் அனுப்ப முடிந்தால் அனுப்பியிருப்பேன்.

உன் கடிதத்தைப் படித்த நாளிலிருந்து மூன்றாவது அத்தியாயம் தானாக ஓடுகிறது. நான் எழுதுவதைச் சுருக்கமாகச் சொல்கிறேன், அத்தானுக்கும் படித்துக் காட்டு.

இந்தப் படிப்புக்குப் பெயர் வைத்தவர் அலெக்சாண்டிரியாவில் ஒரு நூலகர். அவர் ஊர்களின் பட்டியல் போடவில்லை. தெற்கே ஓர் ஊரில் கோடையின் உச்ச நாளில் சூரியன் கிணற்றின் அடிவரைக்கும் தெரிகிறது, இங்கே ஏன் தூணுக்கு நிழல் விழுகிறது என்று கேட்டார். அந்த "ஏன்" அவரைப் பூமியின் சுற்றளவு வரைக்கும் கொண்டுபோனது. அதற்குப் பிறகு வெகு காலம் கேள்வியைப் பின்னால் தள்ளிவிட்டுப் பட்டியலைத்தான் முன்னால் வைத்தார்கள். மாலுமிக்குத் துறைமுகப் பட்டியல், அரசனுக்கு நிலப் பட்டியல், வியாபாரிக்குச் சரக்குப் பட்டியல். அவரவர் தேவைக்குக் கூப்பிட்டார்கள், தேவை முடிந்ததும் அனுப்பிவிட்டார்கள். போன நூற்றாண்டில்தான் பெர்லினில் இதற்கென்று ஒரு பேராசிரியரை உட்கார வைத்தார்கள். ஜெர்மானியரிடம் போரில் தோற்ற பிரான்ஸ், நம் சிப்பாய்களுக்குச் சொந்த நாட்டின் வரைபடமே தெரியவில்லையே என்று நொந்து, ஊருக்கு ஊர் பேராசிரியர்களை நியமித்தது. அந்தப் பிரெஞ்சுக்காரர்களின் மாணவர்கள் கப்பலேறி நம் சாவோ பாவுலோவுக்கும் ரியோவுக்கும் வந்தார்கள்.

இதில் பெருமை மட்டும் இல்லை அக்கா. பிறர் நாட்டைப் பங்கு போட்டவர்களுக்கு வரைபடம் போட்டுக் கொடுத்ததும் இதே படிப்புதான். அதையும் எழுதியிருக்கிறேன். டாக்டர் பெலார்மினோ அந்தப் பக்கங்களை வெட்டச் சொல்கிறார். வெட்ட மாட்டேன்.

மலைக்கு அந்தப் பக்கம் என்ன கண்டீர்கள்? காத்திருக்கிறேன்.

ஜுல்மிரா

*

போசு ஃபுண்டு,
மே 30

அன்பு ஜுல்மி,

எல்லோரும் நலம். பதில் எழுதத் தாமதமாகிவிட்டது. வேலை கொஞ்சம் கூடுதல்.

கண்டுபிடித்துவிட்டோம்! போன மாதக் கடைசியில் கசிமிரோவின் கழுதைகளுக்குப் பின்னால் மலையைத் தாண்டினோம். அந்தப் பக்கம் இறங்கும்போது மணற்கல் முடிகிற இடத்தில் ஈரமான களிமண் அடுக்கு ஒன்று. அதன் மேலே வரிசையாக ஊற்றுகள், ஒரே மட்டத்தில், கோடு போட்டது மாதிரி. ஊர்களும் அந்தக் கோட்டின் கீழேயே. நம் பக்கத்திலும் அதே களிமண் அடுக்கு இருக்கிறது, ஆனால் உயரத்தில். அங்கே தாழ்வில். அடுக்கு சாய்ந்திருக்கிறது ஜுல்மி! மேலே பெய்கிற மழையெல்லாம் மணற்கல்லில் இறங்கி, களிமண்ணில் சறுக்கி, வடக்கே அவர்கள் பக்கமாகவே வழிந்துவிடுகிறது.

நிச்சயமாகத் தெரிந்துகொள்ள ஒரு தகரத் தட்டில் களிமண்ணை அப்பி, மேலே மணலைக் கொட்டி, ஒரு பக்கம் கட்டை வைத்து உயர்த்தித் தண்ணீர் ஊற்றிப் பார்த்தோம். தாழ்ந்த ஓரத்தில் கசிந்தது. உயர்ந்த ஓரம் காய்ந்தே இருந்தது. எப்பொனினா முழந்தாளிட்டுப் பார்த்துக்கொண்டே இருந்தாள். கடைசியில், "அப்போ நம்ம புனிதர் தூங்கல டீச்சர். சும்மா அவர் மேல பழி போட்டுட்டோம்" என்றாள்.

கிணறுகளும் ஊற்றுகளும் குறித்த வரைபடத்தை இதோடு வைத்திருக்கிறேன். பிள்ளைகள் வரைந்தது, உயரங்கள் நான் சரிபார்த்தது.

பள்ளிக்கூடத்துக்கு வெள்ளையடிக்கிறார்கள். அதனால் கொஞ்ச நாளைக்குக் கடிதங்களை மருந்துக் கடை முகவரிக்கே போடு.

அக்கா

*

ரெசிஃபி,
ஜூன் 26

அன்புள்ள அக்காவுக்கு,

செயின்ட் ஜான் திருவிழா எப்படிப் போனது? சோள அடை தின்றாயா? இங்கே நெருப்பு மூட்டியவர்கள் மழையில் குடை பிடித்துக்கொண்டு ஆடினார்கள்.

வரைபடத்தைப் பார்த்துக் கத்திவிட்டேன். பக்கத்து அறைக்காரி ஓடி வந்தாள். கடைசி அத்தியாயம் முழுக்க அதன் மேல்தான் நிற்கிறது. ஆய்வேட்டை அச்சுக்குக் கொடுத்துவிட்டேன். செப்டம்பரில் தேர்வு. குழுவில் ஐந்து பேர்: மூவர் ரியோவிலிருந்தும் சாவோ பாவுலோவிலிருந்தும், இங்கேயிருந்து இருவர். டாக்டர் பெலார்மினோ அந்த இருவரில் ஒருவர்.

இனி, மனதில் இருப்பதைச் சொல்கிறேன். அவர் ஆள் அனுப்பினார். நான் விலகிக்கொண்டால் உதவியாளர் வேலையை ஆயுளுக்கும் நிரந்தரமாக்குவாராம். விலகாமல் தோற்றால் அதுவும் போகுமாம். மூன்று நாளாக யோசிக்கிறேன். எனக்கு முப்பத்தெட்டு வயது. ஒரு பெண், அதுவும் நாட்டுப்புறப் பேச்சு மாறாத பெண், அந்த மேடையில் நின்று... சிரித்துவிடுவார்களோ என்று இருக்கிறது. விலகினால் பாடமாவது நடத்திக்கொண்டிருக்கலாம் அல்லவா?

ஆமாம், பள்ளிக்கு இன்னுமா வெள்ளையடிக்கிறார்கள்? அதென்ன தேவாலயமா?

ஜுல்மிரா

*

போசு ஃபுண்டு,
ஜூலை 10

ஜுல்மிரா,

நலம் விசாரிக்க இன்று மனமில்லை.

நீ விலகினால் இந்த வீட்டு வாசலை மிதிக்காதே. சிரித்தால் சிரிக்கட்டும். அந்தப் பிள்ளைகள் கால் கொப்பளிக்க மலையேறி இறங்கினது உன்னுடைய நிரந்தர வேலைக்காக அல்ல. "நாட்டுப்புறப் பேச்சு" என்று எழுதியிருக்கிறாயே, அந்தப் பேச்சில்தான் நாங்கள் கேள்வி கேட்டோம், அந்தப் பேச்சில்தான் விடை கிடைத்தது. அதே பேச்சில் போய்ப் பேசு.

இந்த முறை நீ பின்வாங்கினால், "ஏன்" என்று கேட்ட ஒவ்வொருத்தியையும் உட்காரச் சொன்னதாக ஆகும். அதன் அர்த்தம் உனக்கு இப்போது புரியாது. பரவாயில்லை.

சாப்பிடு. தூங்கு. படி.

அனேசியா

*

ரெசிஃபி,
ஆகஸ்ட் 5

அன்புள்ள அத்தானுக்கு,

வணக்கம். நலமாக இருக்கிறீர்களா? விலகவில்லை என்று அக்காவிடம் சொல்லுங்கள். அந்த ஆளிடம் முகத்துக்கு நேராகவே சொல்லிவிட்டேன்.

ஆனால் அக்காவின் கடிதம் என்னைக் கலக்குகிறது. அவள் இப்படி எழுதுகிறவள் அல்ல. பள்ளியைப் பற்றிக் கேட்டால் பதில் இல்லை. மே மாதத்திலிருந்து ஒரு வகுப்புச் சேதியும் இல்லை. ஏதாவது நடந்ததா? அவள் சொல்ல மாட்டாள், நீங்களாவது சொல்லுங்கள்.

ஜுல்மிரா

*

போசு ஃபுண்டு,
ஆகஸ்ட் 21

அன்புள்ள கொழுந்தியாளுக்கு,

நலம், நலமறிய ஆவல். முதுகு தேவலை.

நான் எதுவும் சொல்லக் கூடாது என்று உத்தரவு. ஆகையால் எதுவும் சொல்லவில்லை. இருபத்தைந்து வருடம் குடும்பம் நடத்தியவன், உத்தரவை மீறினால் என்ன ஆகும் என்று அறிவேன்.

மருந்துக் கடையின் பின்கட்டில் இப்போதெல்லாம் காலையிலிருந்து ஒரே சத்தம். கஷாயப் பாட்டில் வைத்திருந்த பலகைகளை எல்லாம் இறக்கிப் பெஞ்சாகப் போட்டிருக்கிறேன். ஏன் என்று கேட்காதே. உன் அக்கா நன்றாக இருக்கிறாள். முன்னைவிடச் சத்தமாகவே பேசுகிறாள். அது ஒன்றுதான் நான் சொல்லக்கூடியது.

நீ ஜெயித்து வா. மற்றது தானாகத் தெரியும்.

ஒட்டாசிலியோ

*

ரெசிஃபி,
செப்டம்பர் 22

என் அக்காவுக்கு,

ஜெயித்துவிட்டோம்! தந்தி கிடைத்திருக்கும். இப்போது முழுக்கச் சொல்கிறேன். சொல்லி முடித்த பிறகு உன்னோடு ஒரு சண்டை இருக்கிறது.

எழுத்துத் தேர்வும் மாதிரிப் பாடமும் நல்லபடியாகப் போயின. நேற்று ஆய்வேட்டுக்கான நாள். மண்டபத்தில் இடமில்லை, மாணவர்கள் ஜன்னல் மேல் உட்கார்ந்திருந்தார்கள். வெளியூர்க்காரர்கள் மூவரும் கடுமையாகக் கேட்டார்கள், ஆனால் நியாயமாக. ஜெர்மானியர், பிரெஞ்சுக்காரர், ஆப்பிரிக்காப் பங்கீடு எல்லாவற்றையும் துருவினார்கள். ஈடுகொடுத்தேன். கடைசியாக டாக்டர் பெலார்மினோ எழுந்தார்.

"கல்லை நிலவியல்காரன் எடுத்துக்கிட்டான். செடியைத் தாவரவியல்காரன் எடுத்துக்கிட்டான். மனுஷனை வரலாறு எடுத்துக்கிச்சு. மிச்சம் என்னம்மா இருக்கு உங்க துறைக்கு? இதையெல்லாம் ஏத்திட்டுப் போற தள்ளுவண்டியா?"

மண்டபம் சிரித்தது. நான் பயந்துகொண்டே இருந்த அந்தச் சிரிப்பு. வந்துவிட்ட பிறகு அது ஒன்றும் பெரிதாகத் தெரியவில்லை. நம் ஊர்ப் பேச்சிலேயே பேசினேன்.

"கல்லை எடுத்துக்கிட்டாங்க, சரி. செடியை எடுத்துக்கிட்டாங்க, ஆளையும் எடுத்துக்கிட்டாங்க. ஆனா இந்தக் கல்லு மேல, இந்தச் செடி பக்கத்துல, இந்த ஆளு ஏன் வீடு கட்டினான், மலைக்கு அந்தப் பக்கம் ஏன் கட்டலன்னு கேட்டா, நீங்க மூணு பேரும் ஒருத்தர் முகத்தை ஒருத்தர் பாக்குறீங்க டாக்டர். நீங்க பாத்துக்கிட்டு நிக்கிற அந்த இடம்தான் எங்க துறை."

ஜன்னல் மேல் இருந்தவர்கள் ஆரவாரம் செய்தார்கள். தலைவர் மணியை அடித்தார். டாக்டர் பெலார்மினோ சிரித்துக்கொண்டே கண்ணாடியைத் துடைத்தார். அப்போதுதான் அது வந்தது.

"நல்லாப் பேசுறீங்க. இந்த முறையைப் பள்ளிக்கூடத்துல நடத்தினா என்ன ஆகும்னு குழுவுக்குத் தெரியணும். பாடத்திட்டத்தை மீறி, மாணவிகளை மலையேத்தினதுக்காக, இந்த மாநிலத்துல ஒரு ஆசிரியையை மே மாசம் வேலையிலேருந்து நிறுத்தி வச்சிருக்காங்க. பேரு அனேசியா. உங்க ஆய்வேட்டுல அவங்களுக்கு நன்றி சொல்லியிருக்கீங்க. உங்க கூடப் பிறந்த அக்காவாமே?"

அக்கா, அந்த நிமிடத்தில்தான் வெள்ளையடிப்பு, மருந்துக் கடை முகவரி, பெஞ்சுப் பலகை எல்லாம் ஒரே நேரத்தில் விளங்கியது. வேலை போன பிறகுதான் "கண்டுபிடித்துவிட்டோம்" என்ற கடிதத்தை எழுதினாய். வேலை போன பிறகுதான் வரைபடத்தைச் சரிபார்த்து அனுப்பினாய். வேலை இல்லாமல் உட்கார்ந்துகொண்டு என்னை விலகாதே என்று திட்டினாய்.

தண்ணீர் குடித்தேன். டம்ளரை வைத்துவிட்டு நிமிர்ந்து பேசினேன்.

"எனக்கு இது தெரியாது. இப்பதான், உங்க வாயால கேக்குறேன். என் ஆய்வேட்டுல முன்னூறு பக்கம் எழுதி நிரூபிக்கப் பாத்ததை டாக்டர் பெலார்மினோ ஒரே வாக்கியத்துல நிரூபிச்சுட்டார். எங்க துறையோட வரலாறே இதுதான். பட்டியல் ஒப்பிச்சவங்களுக்குப் பதவி. ஏன்னு கேட்டவங்களுக்கு வாசப்படி. தலைவர் அவர்களே, அச்சான பிரதியில ஒரு திருத்தம் செய்ய அனுமதி வேணும். நன்றியுரையில 'பள்ளி ஆசிரியை அனேசியா'ன்னு இருக்கு. அது தப்பு. கடைசி அத்தியாயத்தோட வரைபடமும் விளக்கமும் அவங்களோடது. 'சக ஆய்வாளர்'னு திருத்தணும்."

ரியோவிலிருந்து வந்த பெரியவர், காலையிலிருந்து ஒரு புன்னகைகூடச் சிந்தாதவர், பேனாவைத் திறந்து தன் பிரதியில் தானே எழுதினார். "திருத்தியாச்சு" என்றார். மற்ற இருவரும் பேனாவை எடுத்தார்கள். அதற்கப்புறம் மண்டபத்தில் என்ன நடந்தது என்று எனக்குச் சரியாக நினைவில்லை. மணி அடித்துக்கொண்டே இருந்தது, யாரும் கேட்கவில்லை.

மதிப்பெண்ணை ஒவ்வொருவராக அறிவித்தார்கள். வெளியூர்க்காரர்கள் மூவரும் முழு மதிப்பெண். உள்ளூர்க்காரர் ஒருவர் அதற்கு ஒன்று குறைவு. டாக்டர் பெலார்மினோ பத்துக்கு நான்கு. ஜன்னலிலிருந்து சீழ்க்கை. ஆனால் கூட்டிப் பார்த்தால் போதும், தாராளமாகவே போதும். நான் பேராசிரியர். புவியியலுக்குத் தனிக் கதவு.

இப்போது சண்டை. ஏன் சொல்லவில்லை? ஒரு வரி எழுதியிருந்தால் மறுநாளே லாரி ஏறியிருப்பேன். நான் ஜெயித்த சந்தோஷத்தில் அழவேண்டியவள், உன்னை நினைத்து அழுதேன். உடனே பதில் போடு.

ஜுல்மிரா

*

போசு ஃபுண்டு,
அக்டோபர் 9

என் பேராசிரியருக்கு,

உன் அக்கா நலம். இதை எழுதும்போது வாய் காது வரை போயிருக்கிறது.

ஏன் சொல்லவில்லை என்று நீயே எழுதிவிட்டாய்: மறுநாளே லாரி ஏறியிருப்பாய். அதனால்தான்.

நடந்தது இதுதான். நாங்கள் மலையின் அந்தப் பக்கம் இருந்த நாளில் பள்ளி இன்ஸ்பெக்டர் சொல்லாமல் வந்தார். பூட்டின வகுப்பறை, பலகையில் உன் கேள்வி. திரும்பி வந்தபோது வாசலில் நின்றுகொண்டிருந்தார். "விசாரணை முடியிற வரைக்கும் நீங்க உள்ள வரக் கூடாது" என்றார். என் இடத்துக்கு வேறொரு பெண்ணைப் போட்டார். முதல் இரண்டு வாரம் நான் கட்டிலை விட்டு எழவில்லை, அதை இப்போது சொல்லலாம். மூன்றாவது வாரம் கசிமிரோவின் மனைவி மகளைக் கையில் பிடித்துக்கொண்டு கடைக்கு வந்தாள். "டீச்சர், இவ வீட்டுல என்னைத் தூங்க விடல. எதுக்கெடுத்தாலும் ஏன், ஏன்னு கேக்குறா. ஆரம்பிச்சு வச்சது நீங்க, நீங்களே பாத்துக்கோங்க." மறுநாள் இன்னும் நாலு பேர். மாதக் கடைசியில் பள்ளிக்கூடத்தில் அந்தப் புது டீச்சர் மட்டும் உட்கார்ந்திருந்தாள், பாவம். பிறகு அவளும் மாலையில் இங்கே வர ஆரம்பித்தாள்.

தாய்மார்கள் சேர்ந்து மேலிடத்துக்கு மனு அனுப்பினார்கள்: எங்கள் பெண்களுக்குப் பரீட்சை வையுங்கள், தேறாவிட்டால் டீச்சரை நீக்குங்கள், தேறினால் திருப்பிக் கொடுங்கள் என்று. உன் தேர்வு நடந்த அதே வாரம், உன் தந்தி வருவதற்கு முன்னால், இன்ஸ்பெக்டர் வந்து சேர்ந்தார். வாசலில் நின்று மூக்கைப் பொத்திக்கொண்டார்.

"இது பள்ளிக்கூடமா, மருந்துக் கடையா?"

"ரெண்டும்தான் ஐயா," என்றார் உன் அத்தான். "தலைவலின்னா முன்பக்கம். தலைக்குன்னா பின்பக்கம்."

பின்கட்டில் தாய்மார்கள் சுவரோரமாக நின்றார்கள். அவர் பாடநூலைத் திறந்து எப்பொனினாவை எழுப்பினார். பெரிய நதியின் வலக்கரை உபநதிகளைச் சொல்லச் சொன்னார். மடமடவென்று சொன்னாள். இடக்கரை? சொன்னாள். முனைகள்? அவர் பக்கம் புரட்டுவதற்குள் சொல்லி முடித்தாள். பட்டியலை நான் விட்டுவிட்டேன் என்று நினைத்திருந்தார் போலிருக்கிறது. எப்படி விடுவேன்? பெயர் தெரியாமல் ஏன் என்று எதைக் கேட்பது? ஐந்து பெண்களைக் கேட்டார். ஒருத்தியும் தவறவில்லை. புத்தகத்தை மூடினார். "சரி, உக்காரு" என்றார்.

எப்பொனினா உட்காரவில்லை.

"ஐயா, ஏன்னு கேக்கலியே?"

"எதை?"

"எதையாவது. நீங்க கேளுங்க, நாங்க சொல்றோம்."

அவர் என்னைப் பார்த்தார், தாய்மார்களைப் பார்த்தார். அப்புறம், உண்மையைச் சொல்ல வேண்டும், அந்த மனிதர் தொப்பியைக் கழற்றிப் பெஞ்சில் வைத்துவிட்டு உட்கார்ந்தார். அவர் பிறந்த ஊரும் வறண்ட பக்கம்தானாம். "சரி, சொல்லு. எங்க ஊர்க் கிணத்துல ஏன் உப்புத் தண்ணி வருது?" என்றார். அதற்கு எங்களுக்கு விடை தெரியாது. தெரியாது என்றே சொன்னார்கள், எப்படிக் கண்டுபிடிப்போம் என்பதையும் சொன்னார்கள். இருட்டும்வரை இருந்தார்.

ஒன்றாம் தேதியிலிருந்து நான் மறுபடி பள்ளியில். உள்ளே போனபோது ஒன்று கவனித்தேன். சுவரில் வெள்ளையே அடிக்கவில்லை. நானும் பெண்களும் சேர்ந்து இந்தச் சனிக்கிழமை அடிக்கப்போகிறோம். நான் பொய் சொன்னதாக இருக்கக் கூடாது பார்.

"சக ஆய்வாளர்" என்ற வார்த்தையை உன் அத்தான் கடையில் வருகிறவர் போகிறவர் எல்லோருக்கும் படித்துக் காட்டுகிறார். நான் இன்னும் ஒருமுறைகூட முழுதாகப் படிக்கவில்லை. அந்த இடம் வந்ததும் எழுத்து மங்கிவிடுகிறது.

உன் அக்கா,
அனேசியா

*

ரெசிஃபி,
நவம்பர் 3

அன்புள்ள அக்காவுக்கு,

நலம். நல்ல நலம். சாப்பிடுகிறேன், தூங்குகிறேன், உன் உத்தரவுப்படி.

நேற்று துறைக்கு அறை கொடுத்தார்கள். தாழ்வாரத்தின் கடைசியில், முன்பு உடைந்த மேசைகள் கிடந்த இடம். நானே தேர்ந்தெடுத்தேன். ஜன்னலைத் திறந்தால் ஆறும், சதுப்பு நிலத்தில் நண்டு பிடிப்பவர்கள் மரத்தூண்கள் மேல் கட்டிய வீடுகளும் தெரியும். பெயின்டர் கதவில் "புவியியல் துறை" என்று எழுதிக்கொண்டிருந்தபோது டாக்டர் பெலார்மினோ அந்த வழியாக வந்தார். நின்றார். இடுப்பில் கை வைத்துக்கொண்டு எழுத்தையும் ஜன்னலையும் பார்த்தார்.

"நல்ல அறையெல்லாம் காலியா இருக்க, போயும் போயும் இந்த இடத்தை ஏன் எடுத்தே?"

"டாக்டர், இருபது வருஷத்துல நீங்க கேட்ட முதல் புவியியல் கேள்வி இது. உள்ள வாங்க, ஜன்னலுக்கு வெளிய காட்டுறேன்."

முறைத்தார். பெயின்டர் தூரிகையைத் தூக்கிப் பிடித்தபடி நின்றார். பிறகு, நம்பினால் நம்பு, உள்ளே வந்தார். கொஞ்ச நேரம் வெளியே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு தன் வழியே போய்விட்டார். ஆனால் வந்தார்.

இந்த மாதக் கடைசியில் என் மாணவர்களை முதல் களப்பயணத்துக்குக் கூட்டிக்கொண்டு வருகிறேன். போசு ஃபுண்டுக்குத்தான், வேறெங்கே? தொங்கு படுக்கைகளைக் கட்ட அத்தானிடம் கொக்கிகள் அடித்து வைக்கச் சொல். முதல் பாடம் நான் நடத்தப்போவதில்லை. என் சக ஆய்வாளர் நடத்துவார். மாணவர்களிடம் சொல்லிவிட்டேன்.

லாரி காலையில் வந்து சேருமாம். வீட்டில் காத்திருக்காதே அக்கா. வகுப்பு நேரமாக இருக்கும். நேராகப் பள்ளிக்கூடத்துக்கே வந்துவிடுகிறோம்.

உன் தங்கை,
ஜுல்மிரா